ஒக்டோபரில் வேலை போனால்: வேலையிழப்புக் காப்புறுதியும் வேலை தேடலும்

ஒக்டோபர் பிறந்ததும் கிழக்கிலங்கையின் அறுகம்பேயில் அலைச்சறுக்குக் கூட்டம் குறையும். பாசிக்குடாவிலும் கடல் மாறத் தொடங்கும். மாரி மழை இறங்குவதற்கு முன்பே ஹோட்டல்கள் ஆட்களைக் குறைத்துவிடும். அதே கிழமைகளில்தான் சம்மாந்துறை, அக்கரைப்பற்று, படுவான்கரைப் பக்கம் பெரும்போக விதைப்பு. வேலை போன பொடியன் மூன்று நாள் வீட்டில் இருந்தால், நாலாம் நாள் வரம்பு கட்டவோ எண்ணெய் (வயலுக்கு மருந்து) அடிக்கவோ யாராவது வந்து கூப்பிட்டுவிடுவார்கள்.

"நம்மட ஊர்ல வேலயில்லாம ஆர் இருக்காங்க?" என்று கேட்பது இதனால்தான். கணக்கெடுப்பும் அதையே சொல்லும். குறிப்பிட்ட வாரத்தில் ஒரு மணி நேரம் கூலிக்கு உழைத்திருந்தாலும் அவர் வேலையில் உள்ளவர். ஆனால் ஆறு வருடம் ஹோட்டல் சமையலறையில் கை பழகிய ஒருவர் வயலுக்கு எண்ணெய் அடிக்கப் போனால், அந்த ஆறு வருடப் பழக்கத்துக்கு அங்கே ஒரு சதமும் பெறுமதி இல்லை. வேலை தேடுகிறவருக்குப் பொறுத்திருக்க வழி இல்லாதபோது ஏற்படும் நட்டம் இதுதான். எந்தப் புள்ளிவிபரத்திலும் இது தெரியாது.

வேலையிழப்புக் காப்புறுதி இந்த இடத்தில்தான் கை வைக்கிறது. தொழிலாளியும் முதலாளியும் மாதாமாதம் ஒரு சிறு பங்கைப் பொது நிதிக்குக் கட்டுவார்கள். தன் பிழையின்றி வேலை போனவருக்குச் சம்பளத்தின் ஒரு பகுதி சில மாதங்களுக்குக் கிடைக்கும். அவர் வேலை தேடிக்கொண்டிருக்கிறார் என்பதை இடையிடையே காட்ட வேண்டும். 1911இல் பிரித்தானியா தொடங்கியபோது வாரத்துக்கு 7 சிலிங், அதிகபட்சம் 15 வாரம். கட்டட வேலை, கப்பல் கட்டுதல் போன்று வேலை ஏறி இறங்கும் சில தொழில்களுக்கு மட்டுமே அது பொருந்தியது. சர்வதேச தொழில் அமைப்பின் 1952ஆம் ஆண்டின் 102ஆம் இலக்க சமவாயம் சொல்லும் குறைந்தபட்ச அளவு, சம்பளத்தின் 45 வீதம், 13 வாரம். இலங்கையில் அப்படியொரு திட்டம் இல்லை. இங்கே இருப்பவை வேறு, அவற்றைப் பிறகு பார்ப்போம்.

முதலில் பழைய குற்றச்சாட்டை எடுத்துக்கொள்வோம். சும்மா இருக்கக் காசு கொடுத்தால் யார் வேலைக்குப் போவார்? இதில் உண்மை இல்லாமல் இல்லை. வேலை தேடுகிற எவருக்கும் மனதில் ஒரு கோடு இருக்கும். "இந்தச் சம்பளத்துக்குக் கீழே போக மாட்டன், இவ்வளவு தூரத்துக்கு மேலே போக மாட்டன்" என்ற கோடு. கையில் பணம் இருந்தால் கோடு மேலே ஏறும், அரிசிப் பானை அடி தெரியத் தொடங்கினால் கீழே இறங்கும். உதவித்தொகை அந்தக் கோட்டைக் கொஞ்ச நாளுக்குத் தாங்கிப் பிடிக்கிறது. ஆகவே வேலை கிடைக்கும் வரையான காலம் நீள்கிறது. ஏறக்குறைய எல்லா ஆய்வுகளும் இதில் ஒத்துப்போகின்றன. சண்டை, ஏன் நீள்கிறது என்பதில்தான்.

ஒஸ்திரியாவில் நல்லதொரு இயற்கைச் சோதனை அமைந்தது. அங்கே மூன்று வருடம் வேலை செய்து முடித்தவரை நீக்கினால் இரண்டு மாதச் சம்பளம் ஒரேயடியாகக் கொடுக்க வேண்டும் என்று சட்டம் இருந்தது. மூன்று வருடத்துக்குச் சில நாள் குறைவாக வேலை செய்தவருக்கு ஒன்றும் இல்லை. இரண்டு பேரும் மற்ற எல்லாவற்றிலும் ஒரே மாதிரி. காசு பெற்றவர்கள் முதல் 20 வாரங்களில் வேலையில் சேரும் வேகம் 8 முதல் 12 வீதம் குறைந்திருந்தது. கவனிக்க வேண்டியது, இந்தக் காசு வேலை கிடைத்தாலும் திருப்பி வாங்கப்படாது. அப்படியிருந்தும் தேடல் நீண்டது என்றால் காரணம் சோம்பல் அல்ல, கை நெருக்கடி தளர்ந்தது. பொருளியலாளர் ராஜ் செட்டி 2008இல் அமெரிக்கத் தரவுகளை வைத்துச் செய்த கணிப்பும் அதே பக்கம் சாய்கிறது. உதவித்தொகையால் தேடல் நீள்வதில் சுமார் 60 வீதம் இந்தக் கைப்பண விளைவு. மீதிதான் "வேலைக்குப் போனால் இந்தக் காசு நின்றுவிடுமே" என்ற கணக்கு.

மட்டக்களப்பில் இருப்பவருக்கு இதை விளங்கப்படுத்த ஆய்வு தேவையில்லை. வேலை போனால் முதலில் கடைக்கொப்பி நீளும், பிறகு சீட்டுக் காசு தவறும், பிறகு காப்பும் சங்கிலியும் அடகுக்குப் போகும். பெண்கள் குழுவாக எடுத்த நுண்கடன் இருந்தால் வாராவாரம் வந்து உட்காரும் கடன் உத்தியோகத்தர் எந்த ஆலோசகரை விடவும் விரைவாக ஒருவரைக் கிடைத்த வேலைக்குத் தள்ளிவிடுவார். இந்தக் கட்டங்களைக் கடந்தபின் தேடலே இல்லை, பிடித்தல்தான். ஓட்டோ, கட்டார், கொழும்பு, எது முதலில் வாய்க்கிறதோ அது.

இன்னொன்றும் உண்டு. இந்தப் பக்கம் வீடு பெரும்பாலும் பெண்ணோடு வரும், மாப்பிள்ளை அங்கே போய்ச் சேருவார். வாடகை இல்லை என்பதால் காத்திருக்கும் செலவு குறைவு. ஆனால் வேலை இருக்கும் ஊருக்குக் குடும்பத்தோடு பெயர்வது என்ற யோசனையே வராது. ஆக ஓர் ஆண் தேடும் வட்டம், காலை பஸ்ஸில் போய் இரவுக்குள் வந்து சேரும் வட்டம். அதற்குள் இல்லையென்றால் அடுத்த வட்டம் வளைகுடா. நடுவில் எதுவும் இல்லை. கோடு எவ்வளவு உயரம் என்பதோடு வட்டம் எவ்வளவு அகலம் என்பதும் முக்கியம். வெளிநாட்டு ஆய்வுகள் இந்த இரண்டாவதைக் குறைவாகவே பேசுகின்றன.

சரி, நீண்ட நேரம் தேடினால் நல்ல வேலை கிடைக்குமா? இங்கே விடை அவ்வளவு இனிப்பாக இல்லை. ஒஸ்திரியாவில் 40 வயதைத் தாண்டியவர்களுக்கு உதவிக்காலம் 30 வாரத்திலிருந்து 39 வாரமானபோது, தேடல் சராசரியாக இரண்டு நாள்தான் நீண்டது, புதிய சம்பளம் அரை வீதம் உயர்ந்தது. வேறு நாடுகளில் உயர்வே தென்படாத ஆய்வுகளும் உண்டு. காரணம், காலம் கத்தியைப் போல இரு பக்கமும் வெட்டும். அமெரிக்காவில் 3,000 வேலை விளம்பரங்களுக்கு சுமார் 12,000 கற்பனை விண்ணப்பங்களை அனுப்பிப் பார்த்தார்கள். தகைமை ஒன்றே, வேலையில்லாமல் இருந்த மாதங்கள் மட்டும் வேறு. முதல் எட்டு மாதங்களில் மாதம் கூடக் கூட முதலாளிகள் கூப்பிடுவது சரிந்துகொண்டே போனது. காத்திருப்பது கோட்டை உயர்த்துகிறது, அதே காத்திருப்பு விண்ணப்பத்தைப் பழசாக்குகிறது. மூன்று மாதம் முதல் ஆறு மாதம் என்று பல நாடுகள் எல்லை வைப்பதில் இதனால் ஒரு நியாயம் இருக்கிறது.

எல்லை வந்தால் அதன் ஓரத்தில் என்ன நடக்கும்? உதவி முடியும் கடைசி வாரங்களில் வேலையற்றோர் பட்டியலிலிருந்து வெளியேறுவோர் திடீரென்று கூடுவதைப் பல நாடுகளில் கண்டார்கள். "பார், காசு நின்றதும் ஓடிப்போய் வேலை எடுக்கிறார்கள்" என்று இதை வைத்து நிறையப் பேசப்பட்டது. தரவைக் கிட்டப் போய்ப் பார்த்தால் கதை வேறு. பட்டியலை விட்டு வெளியேறுவோரையும் வேலையில் சேருவோரையும் பிரித்துப் பார்த்தபோது, ஒஸ்திரியாவில் முதல் வகையில்தான் அந்த மேடு பெரிது, இரண்டாவதில் மிகச் சிறிது. இனிக் கையெழுத்து வைத்துப் பயனில்லை என்பதால் அலுவலகத்துக்கு வருவதை நிறுத்தியவர்கள்தான் பலர்.

நான் அதிகம் மதிக்கும் கருவி வேறொன்று. 1984, 85இல் அமெரிக்காவின் இல்லினோய் மாநிலத்தில், 11 வாரத்துக்குள் வேலை எடுத்து நாலு மாதம் அதில் நிலைத்தால் 500 டொலர் என்று ஒரு குழுவுக்கு அறிவித்தார்கள். உதவி பெறும் காலம் சராசரியாக ஒரு வாரத்துக்கு மேல் குறைந்தது. மிரட்டல் இல்லை, கண்காணிப்பாளர் இல்லை, விரைவாகப் போனால் உனக்கும் பங்கு என்ற ஒரே விதி. மலேசியா 2018இல் தொடங்கிய திட்டத்தில் இதே விதி இருக்கிறது.

அந்த மலேசியத் திட்டத்தை இங்குள்ள ஒருவருக்குப் போட்டுப் பார்ப்போம். அடிப்படைச் சம்பளம் 40,000 ரூபா, ஆறு வருட சேவை. அங்கே தொழிலாளி 0.2 வீதம், முதலாளி 0.2 வீதம் கட்டுகிறார்கள். இவரது சம்பளத்தில் அது ஆளுக்கு மாதம் 80 ரூபா. ஆறு மாத உதவிக்குத் தகுதி பெற்றால் முதல் மாதம் 80 வீதம், அதாவது 32,000. இரண்டாம் மாதம் 50 வீதம், 20,000. அடுத்த இரு மாதம் 40 வீதம், 16,000 படி. கடைசி இரு மாதம் 30 வீதம், 12,000 படி. மொத்தம் 108,000 ரூபா. இரண்டாம் மாத முடிவில் வேலை கிடைத்தால் மீதி 56,000இல் கால் பங்கு, 14,000, ஊக்கத்தொகையாகக் கைக்கு வரும்.

அதே ஆள் இலங்கைச் சட்டப்படி என்ன பெறுவார்? 1983ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கப் பணிக்கொடைச் சட்டம், பூர்த்தியான ஒவ்வொரு வருடத்துக்கும் கடைசிச் சம்பளத்தில் அரை மாதம் என்கிறது. ஆறு வருடத்துக்கு 120,000 ரூபா. மலேசியக் கணக்கோடு ஏறக்குறைய சமம். ஆனால் இரண்டும் ஒரே மாதிரித் தேடலைத் தருவதில்லை. மாதம் மாதம் வருவது கோட்டைத் தாங்கும், குறைந்துகொண்டே போவதால் எழுந்து போகவும் சொல்லும். ஒரேயடியாக வரும் ஒரு இலட்சத்து இருபதாயிரம் அடகு மீட்கவும் கூரைத் தகரம் மாற்றவும் ஓட்டோவுக்கு முற்பணம் கட்டவும் போய்விடும். மூன்றாம் கிழமையில் அந்த மனிதர் திரும்பவும் வெறுங்கையோடுதான் தேடுவார். அதற்காக ஓட்டோ வாங்குவதைப் பிழை சொல்ல முடியாது. ஆனால் ஊரில் எத்தனை ஓட்டோ ஓடலாம் என்பதற்கும் ஓர் அளவு இருக்கிறது.

மிச்சமுள்ள பெட்டிகளையும் திறந்து பார்க்கலாம். ஊழியர் சேமலாப நிதிக்கு (ஈ.பி.எப்.) தொழிலாளி 8 வீதமும் முதலாளி 12 வீதமும் கட்டுகிறார்கள். மேலே சொன்னவருக்கு மாதம் 8,000, சம்பளம் மாறாதிருந்தால் ஆறு வருடத்தில் வட்டி நீங்கலாக 576,000 ரூபா. ஆனால் வேலை போனதற்காக அதைத் தொட முடியாது. ஆணுக்கு 55, பெண்ணுக்கு 50 வயது வர வேண்டும். வீட்டுக்கோ நோய்க்கோ 30 வீதம் எடுக்கலாம் என்றாலும் அதற்குப் பத்து வருடப் பங்களிப்பும் மூன்று இலட்சம் மீதியும் வேண்டும். ஊழியர் நம்பிக்கை நிதி வேறு மாதிரி. முதலாளி மட்டும் 3 வீதம் கட்டுவார், வேலையை விட்டால் வயது பார்க்காமல் எடுக்கலாம், ஆனால் ஐந்து வருடத்துக்கு ஒரு தடவைதான். இவருக்கு 72 மாதத்தில் 86,400 ரூபாவும் அதன் வட்டியும். இன்று நம்மிடம் வேலையிழப்புக் காப்புறுதிக்கு மிகக் கிட்ட நிற்பது இதுதான். இது ஈ.பி.எப். போன்றதுதான் என்று நினைத்துக் கேட்காமலே விடுகிறவர்கள் நிறைய.

பெரிய பெட்டி ஒன்று இருக்கிறது, அதன் பூட்டுத்தான் சிக்கல். 1971ஆம் ஆண்டின் 45ஆம் இலக்கச் சட்டப்படி, 15 பேர் அல்லது அதற்கு மேல் வேலை செய்யும் இடத்தில், முந்திய 12 மாதத்தில் 180 நாளாவது வேலை செய்தவரை ஒழுக்காற்றுக் காரணமில்லாமல் நீக்குவதாயின் அவரது எழுத்துமூலச் சம்மதமோ தொழில் ஆணையாளர் நாயகத்தின் முன் அனுமதியோ வேண்டும். இழப்பீட்டுக்குச் சூத்திரம் இருக்கிறது. முதல் ஐந்து வருடத்துக்கு வருடத்துக்கு இரண்டரை மாதச் சம்பளம், 6 முதல் 14 வருடம் வரை வருடத்துக்கு இரண்டு மாதம், அதன்பின் இன்னும் குறையும். நம்முடைய ஆளுக்கு 12.5 மாதமும் 2 மாதமும் சேர்த்து 14.5 மாதம், 580,000 ரூபா.

இந்த 580,000க்கும் வெறும் 120,000க்கும் நடுவில் நிற்பது ஒரு தாள். "எனது சொந்த விருப்பத்தின் பேரில் விலகுகிறேன்" என்று யாரோ தட்டச்சு செய்து வைத்த தாள். சீசன் முடிவில், "இதில ஒரு கையெழுத்த வைங்க, ஏப்ரலில முதல் ஆளா உங்களத்தான் எடுப்பம்" என்று நல்ல முகத்தோடு நீட்டுவார்கள். கையெழுத்து வைத்தால் பணிக்கொடை போகாது, அது விலகினவருக்கும் உரியது. ஆனால் நீக்கப்பட்டார் என்ற வாதம் அங்கேயே செத்துவிடும். நாளை காப்புறுதி வந்தாலும் இதே தாள்தான் அதையும் கொல்லும். பெரும்பாலான நாடுகளில் அது தன் விருப்பமின்றி வேலை போனவருக்கானது.

கையெழுத்து வைக்காதவர் செய்ய வேண்டியவை அதிகமில்லை. நீக்கியதை எழுத்தில் கேட்க வேண்டும். ஒழுக்காற்றுக் காரணம் என்றால் முதலாளி இரண்டாவது வேலை நாளுக்குள் காரணத்தை எழுத்தில் தர வேண்டும். நியமனக் கடிதம், சம்பளச் சிட்டைகள், ஈ.பி.எப். அங்கத்துவ இலக்கம் மூன்றையும் ஒரே உறையில் போட்டு வைக்க வேண்டும். சிட்டையே தராத இடமென்றால் வங்கிப் புத்தகத்தில் சம்பளம் விழுந்த பக்கங்களைப் பிரதி எடுத்துக்கொள்ளலாம். 30 நாளில் பணிக்கொடை வராவிட்டால் தொழில் அலுவலகத்தில் முறையிடலாம். தாமதத்துக்கு மேலதிகமாக 10 வீதம் தொடங்கி, ஒரு வருடம் கடந்தால் 30 வீதம் வரை ஏறும். ஐந்து வருடம் பூர்த்தியாகாதவருக்குப் பணிக்கொடைச் சட்டத்தில் எதுவும் இல்லை. நாலு வருடமும் பத்து மாதமும் ஆனபோது திடீரென்று ஆட்குறைப்பு வந்தால் அது தற்செயல் அல்ல என்று சந்தேகிக்கலாம். 14 பேரோடு நின்றுவிடும் கடைகளையும் அதே கண்ணால் பார்க்கலாம்.

இந்த ஏற்பாட்டின் அடிப்படைப் பிழை சட்ட வாசகத்தில் இல்லை. பணத்தை யார் சட்டைப் பையிலிருந்து எடுப்பது என்பதில் இருக்கிறது. 2019 ஏப்ரல் 21இல் மட்டக்களப்பு சீயோன் தேவாலயத்திலும் மற்ற இடங்களிலும் குண்டுகள் வெடித்தபின் சுற்றுலா விழுந்தது, அடுத்த வருடம் கொரோனா. 2020இல் வேலைக்கு அழைக்க முடியாத தொழிலாளருக்கு அடிப்படைச் சம்பளத்தில் பாதி அல்லது 14,500 ரூபா, எது கூடவோ அதைக் கொடுப்பதென்று அரசும் முதலாளிகளும் தொழிற்சங்கங்களும் உடன்பட்டார்கள். நல்ல எண்ணம்தான். ஆனால் அறை ஒன்றும் நிரம்பாத ஹோட்டல்தான் அதையும் தன் கையிலிருந்து கொடுக்க வேண்டும். பணிக்கொடையும் இழப்பீடும் அப்படியே. நிறுவனம் விழும் நேரத்தில் விழும் நிறுவனத்திடமே காசு கேட்கின்றன. பொது நிதி என்றால் அந்த வருடம் நன்றாக ஓடிய வேறு தொழில்களின் பங்களிப்பும், முந்திய நல்ல வருடங்களின் சேமிப்பும் அங்கே இருக்கும். அரசின் நலன்புரிக் கொடுப்பனவான அஸ்வெசும இதற்கு மாற்று அல்ல. அது குடும்பத்தின் வறுமை நிலையைப் புள்ளி போட்டுத் தெரிவது, வேலை போன மாதத்தைப் பார்ப்பதல்ல.

அப்படியொரு திட்டம் வந்தால் கிழக்கில் எங்கே இடறும் என்பதை இப்போதே சொல்லலாம். சீசன் வேலைதான் முதல் கல். வரும் என்று எல்லோருக்கும் தெரிந்த ஒக்டோபரை எந்தக் காப்புறுதியும் விபத்தாக எடுத்துக்கொள்ளாது. மலேசியாவிலும் தவணை ஒப்பந்தம் முடிந்தவருக்கு உதவி இல்லை. கனடா எதிர்ப் பக்கம் போனது. மீனவரைக்கூட 1950களிலேயே சேர்த்துக்கொண்டது, வேலை நேரத்தை அல்லாமல் பிடித்த மீனின் வருமானத்தை வைத்துத் தகுதி பார்க்கிறது. வாவியிலும் கடலிலும் இறங்கும் நம்மவருக்குப் பொருந்தக்கூடிய யோசனை. ஆனால் அதே கனடாவின் கிழக்குக் கரையில் ஒரு காலத்தில் 10 வாரம் வேலை செய்தால் 42 வாரம் உதவி என்ற நிலை வந்து, அந்தப் பத்து வாரத்தைச் சுற்றியே ஊர்களின் வாழ்க்கை அமைந்துபோனது. சீசனையும் அது முடிந்த மாதங்களையும் இணைத்து வேலை கொடுக்கும் ஏற்பாடுதான் இங்கே பொருந்தும். காசு மட்டும் போதாது.

இரண்டாவது, பங்களிப்பே இல்லாதவர்கள். நாட்டில் பாதிக்கு மேற்பட்டோர் முறைசாரா வேலையில் இருக்கிறார்கள். வயற்கூலி, மேசன், மருதமுனைத் தறி, எவருக்கும் ஈ.பி.எப். இலக்கம் இல்லை. உதவி பெறுகிறவர் பின்னேரம் ஓட்டோ ஓட்டுவாரே என்ற கேள்வி உடனே எழும். ஓட்டுவார். பிரேசிலிலும் அப்படித்தான். அங்கே ஆராய்ந்தவர்கள் கண்டது, உதவி இல்லாவிட்டாலும் அவர்களில் பெரும்பாலோர் அந்தச் சில மாதங்களில் முறையான வேலைக்குத் திரும்பியிருக்க மாட்டார்கள் என்பது. பயப்படுகிற அளவுக்குத் திறைசேரிக்கு நட்டமில்லை. மட்டக்களப்பு காந்திப் பூங்காவில் 2017இல் வேலை கேட்டு மாதக்கணக்கில் போராட்டம் இருந்த வேலையற்ற பட்டதாரிகளுக்கும் இது விடையாகாது. ஒரு நாளும் சம்பளம் பெறாதவர் இழந்த சம்பளம் என்று ஒன்றில்லை.

காத்திருக்கும் மாதங்களில் என்ன செய்வது என்பதற்கு ஒன்று மட்டும் சொல்லலாம். சமையலறையிலோ மேசன் வேலையிலோ பல வருடம் கை பழகியும் சான்றிதழ் இல்லாதவர், முன்கற்றலை அங்கீகரிக்கும் முறையில் தேசிய தொழில் தகைமைக்கு மதிப்பீடு செய்யக் கேட்கலாம். முழுப் பாடநெறிக்குப் போகத் தேவையில்லை, செய்து காட்டவும் வேலைக்கான ஆதாரங்களைக் காட்டவும் வேண்டும். தேடும் வட்டத்தை அகலமாக்குவது அதுதான். பாசிக்குடாவில் ஒரு மேற்பார்வையாளருக்குத் தெரிந்த கையை நீர்கொழும்பில் ஒருவருக்கும் அது காட்டும்.

அதற்கிடையில் நாட்காட்டியில் ஒரு நாளைச் சுற்றி வட்டம் போட வேண்டும். நீக்கியதற்கு எதிராகத் தொழில் நியாய சபைக்குப் போக ஆறு மாதம்தான் அவகாசம். ஒக்டோபர் 10இல் வேலை போனால் ஏப்ரல் 10. சீசன் திரும்பத் தொடங்கும் மாதமும் அதுவே. "கூப்பிடுவாங்க, இப்ப போய்க் கேஸ் போட்டா எடுக்க மாட்டாங்க" என்று அந்தப் பங்குனியில் பேசாமல் இருப்பவர்கள்தான் அதிகம். சிலரைக் கூப்பிடுவார்கள், புது நியமனக் கடிதத்தோடு, சேவைக்காலம் பூச்சியத்திலிருந்து.